சொந்த வாழ்க்கையை நிகழ்த்திக் காட்டுவது: தன்வரலாற்று நிகழ்த்துகலை பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இது நாடகம்தானே? எதற்குத் தனிப் பெயர்?

நாடகத்தில் நடிகர் இன்னொருவராக வருகிறார். இதில் வருகிறவர் அவரேதான். ஓவியரும் சிற்பியும் துணியையும் கல்லையும் விட்டுவிட்டு, தங்கள் உடம்பையும் நேரத்தையும் எடுத்து வேலை செய்யத் தொடங்கியதைத்தான் பெர்ஃபாமன்ஸ் ஆர்ட், அதாவது நிகழ்த்துகலை என்கிறார்கள். அதில் தன் வாழ்க்கையையே கச்சாப் பொருளாக எடுத்துக்கொள்பவர்கள் ஒரு கிளை. கதை இருக்க வேண்டும், வசனம் இருக்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. மேடைகூட வேண்டாம். பஸ், சமையலறை, வாடகை அறை, எங்கே வேண்டுமானாலும் நடக்கும். எல்லைக்கோடு ரொம்பக் கறாரானதும் அல்ல. நாடகக் குழுவிலிருந்து இங்கே வந்தவர்கள் உண்டு, இங்கிருந்து அங்கே போனவர்களும் உண்டு.

எப்போது ஆரம்பித்தது?

ஒரே தொடக்கம் என்று எதையும் சொல்ல முடியாது. 1959இல் நியூயார்க்கில் ஆலன் கேப்ரோ நடத்திய 'ஹாப்பனிங்' என்ற வகை நிகழ்வு, 1964இல் ஜப்பானில் யோகோ ஓனோ அசையாமல் உட்கார்ந்து, தன் உடையைக் கத்தரித்து எடுத்துக்கொள்ளும்படி பார்வையாளர்களிடம் சொன்ன நிகழ்வு, இவையெல்லாம் பாதை போட்டன. சொந்த வாழ்க்கையைப் பேசும் கிளைக்கு வேர் என்று எனக்குத் தோன்றுவது 1972, லாஸ் ஏஞ்சலஸ். ஜூடி சிகாகோ, மிரியம் ஷபிரோ என்ற கலைஞர்கள் இருவரும் மாணவிகளோடு சேர்ந்து ஒரு பழைய வீட்டை 'வுமன்ஹவுஸ்' என்ற கலைக்கூடமாக மாற்றினார்கள். அங்கே ஃபெய்த் வைல்டிங் ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, கையை மடியில் வைத்துக்கொண்டு, முன்னும் பின்னும் ஆடியபடி ஒரு பெண் தன் வாழ்நாளில் எதற்கெல்லாம் காத்திருக்கிறாள் என்று வரிசையாகச் சொன்னார். யாராவது தூக்கிக்கொள்வார்களா என்று காத்திருக்கும் குழந்தையில் தொடங்கும். பெரியவளாவதற்கு, கல்யாணத்துக்கு, பிள்ளை பிறப்பதற்கு, பிள்ளைகள் வீடு திரும்புவதற்கு என்று நீண்டு சாவுக்குக் காத்திருப்பதில் முடியும். மொத்தம் சுமார் 15 நிமிடம். குரலை உயர்த்துவதில்லை, அழுவதில்லை. அதனால்தான் கேட்கிறவருக்கு அடிவயிற்றைப் பிசைகிறது.

சொந்தக் கதையைச் சொன்னாலே கலையாகிவிடுமா? அப்படியானால் என் பெரியம்மாவும் கலைஞர்தான்.

உங்கள் பெரியம்மா நன்றாகக் கதை சொல்பவராக இருந்தால் பாதிக் கிணறு தாண்டிவிட்டார். மீதிப் பாதி, அந்தக் கதைக்கு ஒரு வடிவம் கண்டுபிடிப்பது.

அமெரிக்கரான ஸ்பால்டிங் கிரேயை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு மேசை, ஒரு கிளாஸ் தண்ணீர், ஒரு நோட்டுப் புத்தகம். அவ்வளவுதான் அரங்கம். கம்போடியப் படுகொலை பற்றிய 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' (1984) படத்தில் சின்ன வேடத்தில் நடித்த அனுபவத்தை உட்கார்ந்தபடியே பேசினார். அந்தப் பேச்சே 1987இல் ஜோனதன் டெமி இயக்கத்தில் 'ஸ்விம்மிங் டு கம்போடியா' என்ற படமானது. கேட்டால் அரட்டை மாதிரி இருக்கும். ஆனால் எந்த இடத்தில் தண்ணீர் குடிப்பது என்பதுவரை கணக்கு இருக்கும்.

இங்கிலாந்தின் பாபி பேக்கர் வேறு ரகம். ஓவியம் படித்தவர். 1976இல் லண்டனில் தான் குடியிருந்த சிறு வீட்டுக்குள் ஒரு முழுக் குடும்பத்தையே ஆளுயரத்துக்கு கேக்கிலும் பிஸ்கட்டிலும் செய்துவைத்தார். அம்மாவுக்குத் தலைக்குப் பதில் டீ பாட். வந்தவர்களுக்குத் தேநீர் ஊற்றிக்கொடுத்து, குடும்பத்தைத் தின்னச் சொன்னார். அப்புறம் கல்யாணம், இரண்டு பிள்ளைகள், சில வருடம் கலை உலகத்தில் ஆளே காணோம். 1988இல் திரும்பி வந்தார். வெள்ளை மேலங்கி போட்டுக்கொண்டு, தரையில் ஒரு வெள்ளைப் படுக்கை விரிப்பை விரித்தார். தாயான அனுபவம் ஒவ்வொன்றையும் சொல்லச் சொல்ல, அந்தந்த நாளோடு ஒட்டிய உணவை எடுத்து விரிப்பின் மேல் 'வரைந்தார்'. ஆறிப்போன மாட்டிறைச்சி, கின்னஸ் பீர் என்று ஒவ்வொன்றாக விழுந்தது. நடுவில் கறை பட்டால் உடனே துடைப்பார், பதற்றத்தோடு மன்னிப்புக் கேட்பார், விருந்தாளி முன்னால் நம் வீட்டுப் பெண்கள் செய்வது போலவே. கடைசியில் எல்லாவற்றின் மேலும் மாவைத் தூவி மறைத்துவிட்டு, அந்த விரிப்பிலேயே தன்னைச் சுருட்டிக்கொண்டு எழுந்து நின்றார். மாவை மீறிக் கறை ஊறி வெளியே தெரிந்தது. சொன்ன கதையில் பெரிய சம்பவம் எதுவும் கிடையாது. பால் கொடுத்தது, களைத்தது, தூங்காதது. கலை அந்த விரிப்பில் இருக்கிறது.

அடையாளம், அடையாளம் என்கிறார்களே. நான் யார் என்பது எனக்குத் தெரியாதா? அதை எதற்கு நிகழ்த்த வேண்டும்?

நீங்கள் யார் என்பதில் பாதி உங்களிடம் இல்லை. எதிரே நிற்பவர் கண்ணில் இருக்கிறது. ஊர்ப் பெயரைச் சொன்னதும் "ஊரில் எந்தத் தெரு?" என்று அடுத்த கேள்வி வருவதைக் கேட்டவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இந்த விஷயத்தை அமெரிக்காவில் ஏட்ரியன் பைப்பர் அளவுக்குக் குடைந்து பார்த்தவர் இல்லை என்பது என் எண்ணம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

பைப்பர் 1948இல் நியூயார்க்கில் பிறந்தவர். கறுப்பினக் குடும்பம், ஆனால் தோல் நிறம் வெளிர். பார்க்கிறவர்கள் வெள்ளைக்காரி என்றே நினைத்துக்கொள்வார்கள். கலைஞர் என்பதோடு தத்துவப் பேராசிரியரும்கூட. ஹார்வர்டில் தத்துவ அறிஞர் ஜான் ரால்ஸிடம் ஆய்வு செய்தவர், ஜெர்மன் தத்துவ அறிஞர் கான்ட் பற்றி எழுதுகிறவர், இளவயது முதல் யோகம் பயில்கிறவர்.

1970இல் அவர் செய்த முதல் காரியம் இது. உடைகளை வினிகர், முட்டை, பால், மீன் எண்ணெய் கலந்த கரைசலில் ஒரு வாரம் ஊறவைத்தார். அந்த நாற்றத்தோடு மாலை நெரிசலில் சுரங்க ரயிலில் ஏறினார். இன்னொரு நாள் வாயில் பெரிய துண்டைத் திணித்துக்கொண்டு, மீதி வெளியே தொங்க, பஸ்ஸில் போனார். நிகழ்ச்சி என்று யாரிடமும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எல்லோரும் ரசிகர்களாகிவிடுவார்கள். சொல்லாததால்தான் ஒதுங்கினார்கள்.

அடுத்து 1973 முதல் 1975 வரை ஒரு ஆணாக மாறினார். சுருட்டை விக், ஒட்டு மீசை, கறுப்புக் கண்ணாடி, வாயில் சுருட்டு. வெள்ளைக்காரர்கள் தெருவில் கண்டால் பயப்படுகிற 'கறுப்பு வாலிபன்'. இதில் தன்வரலாறு எங்கே என்றால், அந்த ஆண் வாயில் வரும் வாக்கியங்கள் பைப்பரின் பள்ளிக்கால நாட்குறிப்பிலிருந்து எடுத்தவை. மாதம் ஒரு வரியை எடுத்து மந்திரம் போல உருப்போடுவார், 'வில்லேஜ் வாய்ஸ்' வார இதழில் அந்த ஆணின் படத்தோடு விளம்பரமாகவும் போடுவார். ஒரு வரி, அம்மா எவ்வளவு சொன்னாலும் கேட்காமல் பிஸ்கட்டு வாங்கிவைக்கிறாள், அதைத் தின்று தீர்ப்பது தானாக இருக்கிறது என்ற ஒரு சிறுமியின் புலம்பல். மீசையும் சுருட்டுமாக ஓர் ஆள் நியூயார்க் தெருவில் நடந்துகொண்டே இதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். பதிவான காட்சியில் சுற்றி நிற்பவர்கள் வேடிக்கை பார்க்கிறார்கள். அவர்கள் கண்ணுக்குத் தெரிவது பயப்பட வேண்டிய ஆள். காதில் விழுவது குழந்தையின் டயரி.

1986இல் செய்தது இன்னும் சிறியது: விசிட்டிங் கார்டு அளவில் ஓர் அட்டை. விருந்தில் யாராவது, இவர் கறுப்பர் என்று தெரியாமல், இனவெறிப் பேச்சுப் பேசினால் எதுவும் சொல்லாமல் அதை எடுத்து நீட்டுவார். நான் கறுப்பினத்தவள், நீங்கள் பேசியபோது அது உங்களுக்குத் தெரிந்திருக்காது, என் இருப்பு உங்களுக்குச் சங்கடம் தந்தால் வருந்துகிறேன் என்கிற ரீதியில் படு மரியாதையாக எழுதியிருக்கும். மேடை இல்லை, பார்வையாளர் ஒருவரே ஒருவர், அவரே குற்றவாளியும். என்னைக் கேட்டால், இந்தக் கலையின் உச்சங்களில் ஒன்று இந்த அட்டை.

2012இல் தன் 64வது பிறந்தநாளில், 'கறுப்பராக இருப்பதிலிருந்து ஓய்வு பெறுகிறேன்' என்று அறிவித்தார். அடுத்த ஆண்டு கறுப்பினக் கலைஞர்களின் நிகழ்த்துகலைக்கென்றே நியூயார்க்கில் நடந்த கண்காட்சியிலிருந்து தன் படைப்பைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். திட்டியவர்களும் உண்டு. ஒட்டிய முத்திரையை மற்றவர்கள் பிய்க்க விடுவார்களா என்பதையும் அவர் நிகழ்த்தியே பார்த்தார் என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

கற்பனை ஆளை உருவாக்குவது எப்படித் தன்வரலாறு ஆகும்?

அமெரிக்கக் கலைஞர் லின் ஹெர்ஷ்மன் லீசன் விஷயத்தில் இந்தக் கேள்வி கட்டாயம் வரும். 1970களில் சான் பிரான்சிஸ்கோவில் ராபர்ட்டா பிரைட்மோர் என்ற பெண்ணை உருவாக்கி, அவளாகவே அவ்வப்போது வாழ்ந்தார். பொன்னிற விக், புள்ளி போட்ட உடை. முகத்தில் எந்த இடத்தில் எந்த நிறம் பூச வேண்டும் என்று எண் போட்ட வரைபடம்கூட உண்டு. ராபர்ட்டாவுக்கு ஓட்டுநர் உரிமம், வங்கிக் கணக்கு, வாடகை அறை எல்லாம் இருந்தன. அறைத்தோழி தேடி விளம்பரம் கொடுத்தாள், மனநல மருத்துவரிடம் போனாள். பிறகு வேறு சில பெண்களும் ராபர்ட்டாவாக வேடமிட்டு நடமாடினார்கள். 1978இல் இத்தாலியின் ஃபெராரா நகரில், மறுமலர்ச்சிக்கால இத்தாலியப் பிரபுகுலப் பெண் லுக்ரேசியா போர்ஜியாவின் கல்லறையில், பேயோட்டுவது போல ஒரு சடங்கு செய்து அவளை முடித்துவைத்தார்.

ஒரு மனுஷி 'இருக்கிறாள்' என்பதற்கு அரசாங்கமும் வங்கியும் கேட்பது காகிதம்தான், ஆளை அல்ல என்று இதைப் படிக்கலாம். இன்னொரு பக்கமும் உண்டு. 1984 முதல் ஹெர்ஷ்மன் தனியாக வீடியோ கேமரா முன் உட்கார்ந்து, சிறுவயதில் தனக்கு நேர்ந்த கொடுமைகளைப் பேசத் தொடங்கினார். 'எலக்ட்ரானிக் டயரீஸ்' என்று பல பத்தாண்டுகள் அது தொடர்ந்தது. அதைப் பார்த்துவிட்டு ராபர்ட்டாவிடம் திரும்பினால், தன் வாயால் சொல்ல முடியாத காலத்தில் சொல்வதற்கு அவருக்கு இன்னொருத்தி தேவைப்பட்டிருக்கிறாள் என்று தோன்றுகிறது.

ஒன்றுமே பேசாமல் வாழ்க்கையைச் சொல்ல முடியுமா?

டெஹ்சிங் ஷே செய்தார். தைவானில் 1950இல் பிறந்தவர், கப்பலில் வேலை பார்த்தபடி வந்து 1974இல் அமெரிக்காவில் குதித்துத் தப்பியவர். அடுத்த 14 வருடம் காகிதமில்லாக் குடியேறி. ஹோட்டல்களில் பாத்திரம் கழுவினார்.

1978 செப்டம்பரில் தன் ஸ்டூடியோவில் ஒரு மரக் கூண்டு கட்டி உள்ளே போய் ஒரு வருடம் இருந்தார். பேச்சு, படிப்பு, எழுத்து, ரேடியோ, டிவி எதுவும் இல்லை. நண்பர் ஒருவர் சாப்பாடு கொண்டுவந்து, கழிவை எடுத்துப் போனார். 1980இல் ஆலைகளில் இருப்பது போன்ற வருகைப்பதிவுக் கடிகாரத்தை மாட்டிவைத்து, மணிக்கு ஒருமுறை, இரவும் பகலும், ஒரு வருடம் அட்டை குத்தினார். மொத்தம் 8,760 முறை குத்தியிருக்க வேண்டும். 133 தவறின. எத்தனை தூக்கத்தில் போனது, எத்தனை தாமதம், எத்தனை சீக்கிரம் குத்தியது என்று அதற்கும் கணக்கு வைத்திருக்கிறார். தொடங்கும்போது மொட்டை அடித்துக்கொண்டார். ஒவ்வொரு முறையும் எடுத்த ஒற்றைப் படச்சட்டங்களைச் சேர்த்து ஓட்டினால் ஆறு நிமிடத்தில் தலைமுடி தோளுக்கு வளர்கிறது. அப்புறம் ஒரு வருடம் எந்தக் கூரைக்குள்ளும் நுழையாமல் நியூயார்க் தெருவில், குளிர்காலம் உட்பட. போலீஸ் பிடித்து உள்ளே வைத்த சில மணி நேரம்தான் விதி உடைந்தது. பிறகு லிண்டா மொன்டானோ என்ற கலைஞரோடு எட்டடிக் கயிற்றில் இடுப்பைக் கட்டிக்கொண்டு, ஒருவரை ஒருவர் தொடாமல், ஒரு வருடம்.

இது என் குடியேறி வாழ்க்கையைப் பற்றியது என்று அவர் சொல்லிக்கொள்வதில்லை. நேரம் கழிப்பதைப் பற்றியது என்பார். ஆனால் அடைபட்டிருப்பது, கூலிக்கு அட்டை குத்துவது, கூரையில்லாமல் திரிவது என்ற வரிசையைப் பார்க்கிற யாருக்கும், வளைகுடாவில் வேலைக்குப் போய்வந்த உறவினர் உள்ள நமக்கும், புரியாமல் போகாது.

ஏன் இவர்களில் சிலர் துணியைக் களைகிறார்கள்?

சிலர் காரணத்தோடு, சிலர் கவனத்துக்காக. நூற்றாண்டுகளாக ஆண்கள் வரைந்த நிர்வாணமாக இருந்த பெண்கள், இந்த முறை தூரிகையும் என் கையில் என்று சொன்னது முதல் வகை. அமெரிக்கக் கலைஞர் கேரலீ ஷ்னீமன் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. இரண்டாவது வகையைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

என் கதையைச் சொன்னால் அம்மா, அப்பா, முன்னாள் கணவர் கதையும் அதில் வருமே. அவர்கள் சம்மதம் வேண்டாமா?

வேண்டும் என்பது என் கட்சி. கலை உலகம் இதில் ஒன்றாக இல்லை. ஸ்பால்டிங் கிரேயின் தாய் 1967இல் தற்கொலை செய்துகொண்டார். பத்து வருடம் கழித்து, தன் நாடகக் குழுவோடு சேர்ந்து அதைப் பற்றி 'ரம்ஸ்டிக் ரோடு' என்ற நிகழ்வைச் செய்தார். அப்பா, பாட்டி ஆகியோரோடு பேசிய ஒலிப்பதிவுகள் அதில் வந்தன. தாய்க்கு மருத்துவம் பார்த்த மனநல மருத்துவரோடு தொலைபேசியில் பேசியதும், அவர் அனுமதி இல்லாமலே, அரங்கில் ஒலித்தது. விமர்சகர்கள் சிலர் கடுமையாகக் கண்டித்தார்கள். மகனுக்குத் துக்கத்தின் மேல் உரிமை உண்டு, மருத்துவரின் குரல் மேல் கிடையாது. இரண்டும் ஒரே டேப்பில் இருக்கும்போது என்ன செய்வது என்பதற்குச் சுலபமான விடை இல்லை. குறைந்தபட்சம், உயிரோடு இருப்பவரிடம் முன்கூட்டிச் சொல்லுங்கள். பெயரையும் ஊரையும் மாற்றினால் மட்டும் போதாது. சொந்தக்காரர்களுக்கு எப்படியும் தெரிந்துவிடும்.

இதற்கெல்லாம் யார் காசு தருகிறார்கள்?

பெரும்பாலும் யாரும் இல்லை. வேறு வேலை பார்த்துக்கொண்டுதான் செய்கிறார்கள். அரசுப் பணம் வந்த இடத்தில் வம்பும் வந்தது. 1990இல் அமெரிக்க அரசின் கலை நிதி அமைப்பு, வல்லுநர் குழு பரிந்துரைத்தபிறகும், கேரன் ஃபின்லி, டிம் மில்லர், ஹாலி ஹியூஸ், ஜான் ஃப்ளெக் ஆகிய நால்வருக்கு நிதியை நிறுத்தியது. ஃபின்லி பெண்கள் மீதான வன்முறையைப் பேசி உடம்பில் சாக்லெட் பூசிக்கொண்டவர். மற்ற மூவரும் தன்பால் ஈர்ப்புள்ள வாழ்க்கையை வெளிப்படையாகப் பேசியவர்கள். வழக்குப் போட்டு 1993இல் பணத்தைப் பெற்றார்கள். ஆனால் நிதி தரும்போது 'கண்ணியம்' பார்க்கலாம் என்ற விதி செல்லும் என 1998இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதற்குள் தனிக் கலைஞர்களுக்கான உதவித்தொகையில் பெரும்பகுதியே நின்றுபோயிருந்தது.

தமிழில் யாராவது செய்கிறார்களா?

செய்கிறார்கள், அழுத்தமாகவே. அ. ரேவதி நாமக்கல் பக்கத்துக் கிராமத்தில் பிறந்த திருநங்கை. தன் வாழ்க்கையை எழுதினார். ஆங்கிலத்தில் 2010இல் வந்தது, தமிழில் 'வெள்ளை மொழி'. பிறகு அதையே அ. மங்கையின் இயக்கத்தில் தனிநபர் நிகழ்வாக மேடையில் தானே நிகழ்த்தினார். 'நான் வித்யா' எழுதிய லிவிங் ஸ்மைல் வித்யா நாடகக்காரர். ஏஞ்சல் கிளாடி, ஜீ செம்மலர் ஆகியோரோடு சேர்ந்து அவர் தொடங்கிய 'பன்மை' குழுவும் தங்கள் வாழ்க்கையையே மேடைக்குக் கொண்டுவந்தது.

புத்தகம் இருக்கும்போது மேடை எதற்கு? தமிழ் சினிமா எத்தனையோ வருடம் திருநங்கையை வேறு ஆட்களை வைத்துக் கேலியாக நடித்துக் காட்டியிருக்கிறது. அந்தச் சிரிப்புக்குப் பழகிய கூட்டத்தின் முன், அதே கைதட்டலைத் தன் உடம்போடு போய் நின்று தட்டுவது வேறு விஷயம். வாசகர் பக்கத்தைப் புரட்டிவிடலாம். அரங்கில் அவர் நம்மைப் பார்க்கிறார், நாமும் பார்த்துத்தான் ஆக வேண்டும்.

இந்திய அளவில் நிகில் சோப்ராவைச் சொல்ல வேண்டும். காஷ்மீர் நிலக்காட்சிகளை வரைந்த தன் தாத்தாவை மனதில் வைத்து 'யோக் ராஜ் சித்ரகார்' என்ற ஆளாக மாறி, நாள்கணக்கில் பொது இடத்தில் தங்கி, உண்டு, உறங்கி, வரைவார்.

ஒப்பாரியை இதில் சேர்க்கலாமா?

சேர்க்கலாம் என்றுதான் எனக்கு ஆசை. செத்தவரைப் பாடுவதாகப் பேர், நடுவில் தன் புகுந்த வீட்டுக் குறையெல்லாம் மெட்டுக்குள் வந்துவிடும். கொழுந்தன் அங்கேயே உட்கார்ந்திருப்பார், எதுவும் சொல்ல முடியாது. சாவு வீட்டில் பாடுகிறவளை யார் தடுப்பது? நேருக்கு நேர் பேச முடியாததைப் பேசுவதற்கு ஒரு வடிவத்தின் பாதுகாப்பை எடுத்துக்கொள்கிறாள். பைப்பரின் அட்டையும் அதையேதான் செய்கிறது. ஆனால் ஒப்பாரி பாடுகிற பெண் தன்னைக் கலைஞர் என்று சொல்லிக்கொள்ளாதபோது நாம் போய்ப் பட்டம் கட்டுவது சரியா என்பது தனி விவாதம்.

நிகழ்ந்து முடிந்தபின் என்ன மிச்சம்?

புகைப்படம், வீடியோ, குத்திய அட்டை, கறை படிந்த விரிப்பு, ஓட்டுநர் உரிமம். இவற்றைத்தான் மியூசியங்கள் வாங்குகின்றன. ஒருவர் செய்ததை இன்னொருவர் திரும்பச் செய்வதும் நடக்கிறது. மரீனா அப்ரமோவிச் 2005இல் நியூயார்க்கின் குகன்ஹைம் மியூசியத்தில், மற்றவர்களின் பழைய நிகழ்வுகள் உட்பட ஏழு படைப்புகளை இரவுக்கு ஒன்றாகச் செய்தார். சொந்த வாழ்க்கை சார்ந்ததை அப்படிக் கைமாற்றுவது கஷ்டம். பேக்கரின் விரிப்பில் வேறொருத்தி உருண்டால் அது வேறொருத்தியின் குழந்தைகள்.

நானும் செய்து பார்க்க விரும்புகிறேன். எங்கிருந்து தொடங்குவது?

அழுகை வரும் சம்பவத்திலிருந்து தொடங்காதீர்கள். ஒரு பொருளிலிருந்து தொடங்குங்கள்: ரேஷன் அட்டை, சீருடை, அம்மாவின் மாத்திரை டப்பா. அதை வைத்துக் கையால் என்ன செய்யலாம் என்று பாருங்கள். ஒரு விதி போட்டுக்கொள்ளுங்கள், இவ்வளவு நேரம், இந்த இடம், இதைத் தவிர எதுவும் இல்லை என்று. ஆறாத புண்ணைத் தொடுகிற விஷயமாக இருந்தால் அதைக் கொஞ்ச காலம் தள்ளிவையுங்கள். செய்தே ஆக வேண்டுமென்றால், நடுவில் நிறுத்தச் சொல்லும் அதிகாரத்தோடு நம்பகமான ஒருவரை அரங்கிலேயே உட்காரவையுங்கள். பொது இடத்தில் செய்வதானால், போலீஸ் வந்து கேட்டால் யார் பேசுவது என்பதையும் முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள்.

பார்க்கப் போகிறவர் என்ன செய்ய வேண்டும்?

சரியான நேரத்துக்குப் போங்கள், பாதியில் கதவு திறந்தால் இதில் ரொம்ப உறுத்தும். ஃபோனில் படம் பிடிக்கலாமா என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு திருநங்கையோ, தன் நோயைப் பேசுகிறவரோ மேடையில் சொன்னது மறுநாள் ரீல்ஸில் முப்பது நொடியாக வந்தால் வேறு அர்த்தமாகிவிடும். முடிந்ததும் "எல்லாம் நிஜமா?" என்று அவரிடம் கேட்காதீர்கள். எல்லோரும் அதைத்தான் கேட்கிறார்கள். அந்த விரிப்பை எப்படி முடிவு செய்தீர்கள், ஏன் மாவு என்று கேளுங்கள், பேசிக்கொண்டே இருப்பார்கள்.